ஒரே மாத்திரை, இரண்டு வேலை: பூனை வைத்தியத்தில் ஸ்டீராய்டும் மனமருந்தும்

வீட்டுப் பூனையைப் பற்றி மருத்துவரிடம் வரும் புகார்களில் இரண்டு மிகப் பழையவை. ஒன்று, ஓயாமல் சொறிந்தும் நக்கியும் உடம்பைப் புண்ணாக்கிக் கொள்கிறது. இன்னொன்று, வாலைத் தூக்கிக்கொண்டு சுவர், சோபா, திரைச்சீலை என்று எல்லாவற்றின் மீதும் சிறுநீரைப் பீய்ச்சுகிறது. முதலாவது தோல் சம்பந்தப்பட்டது, இரண்டாவது மனம் சம்பந்தப்பட்டது. ஆனால் 1970களிலும் 80களிலும் அமெரிக்காவில் இந்த இரண்டுக்கும் ஒரே மாத்திரையை எழுதிக் கொடுத்தார்கள். அதன் பெயர் மெஜெஸ்ட்ரால் அசிடேட்.

கதை அதற்குச் சற்று முன்பே தொடங்குகிறது. 1948 செப்டம்பரில் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் பிலிப் ஹென்ச் என்ற மருத்துவர், மூட்டுவாதத்தால் முடங்கிக் கிடந்த ஒரு பெண்ணுக்குக் கார்ட்டிசோன் ஊசி போட்டார். சில நாட்களிலேயே அவர் எழுந்து நடந்தார். 1950இல் ஹென்ச், கெண்டல், ரைக்ஸ்டைன் மூவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது. ஆனால் கார்ட்டிசோன் எடுத்துக்கொண்ட சிலருக்குத் தூக்கம் கெட்டது, அளவுமீறிய உற்சாகம் வந்தது, சிலருக்குப் புத்தியே பேதலித்தது. ஸ்டீராய்டு மூட்டோடு நின்றுவிடுவதில்லை, மூளைக்கும் போகிறது என்பது அப்போதே தெரிந்துவிட்டது. 1955இல் பிரெட்னிசோன், பிரெட்னிசோலோன் வந்தன. சீக்கிரமே இவை கால்நடை மருத்துவர்களின் பைக்குள்ளும் இடம்பிடித்தன.

மெஜெஸ்ட்ரால் வேறு வழியாக வந்தது. அது ஒரு செயற்கைப் பெண் ஹார்மோன். 1960களில் பெண்களுக்கான கருத்தடை மாத்திரைகளில் இருந்தது. பிறகு பெட்டை நாய்கள் பருவத்துக்கு வருவதைத் தள்ளிப்போடப் பயன்பட்டது. அமெரிக்காவில் நாய்க்கு மட்டும்தான் அனுமதி. ஆனாலும் மருத்துவர்கள் அதைப் பூனைக்கும் கொடுத்துப் பார்த்தார்கள். தோல் புண் ஆறியது. பல பூனைகள் பீய்ச்சுவதையும் நிறுத்தின! கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகத்தைச் சேர்ந்த பெஞ்சமின் ஹார்ட் 1980இல் இதை ஆராய்ந்து எழுதினார். கருத்தடை செய்த ஆண் பூனைகளில் நல்ல பலன், பெண் பூனைகளில் மிகக் குறைவு என்பது அவர் கண்டது. பலன் பாதிதான் என்றாலும் அது சின்ன விஷயமல்ல. இந்தப் பழக்கத்தாலேயே வீட்டிலிருந்து விரட்டப்பட்டு, காப்பகங்களில் கொல்லப்பட்ட பூனைகள் ஏராளம்.

சிக்கல் மெதுவாக வெளிப்பட்டது. மெஜெஸ்ட்ரால் கொடுத்த பூனைகள் சில சர்க்கரை நோயாளிகள் ஆயின. சிலவற்றுக்கு மார்பு வீங்கியது. அட்ரினல் சுரப்பி சுருங்கிப் போவதாக 1980களின் தொடக்கத்தில் ஆய்வுகள் வந்தன. காரணம், இந்த மருந்து பூனையின் உடலில் கார்ட்டிசோனைப் போலவும் நடந்துகொள்கிறது. மனமருந்து என்று நினைத்துக் கொடுத்தது பாதி ஸ்டீராய்டு! தோல் அரிப்புக்குப் பிரெட்னிசோலோன் வாங்கிக்கொண்டிருக்கும் பூனைக்கு, பீய்ச்சுவதை நிறுத்த இதையும் சேர்த்துக் கொடுத்தால் என்ன ஆகும்? இரண்டு மருந்தல்ல, ஒரே மருந்து இரண்டு மடங்கு.

ஆகவே ஹார்மோன் இல்லாத மருந்து தேடினார்கள். முதலில் கைக்கு வந்தது டயஸிபாம், அதாவது வாலியம். பூனை அமைதியானது உண்மை. மருந்தை நிறுத்தியதும் அநேகமாக எல்லாப் பூனைகளும் பழைய வேலையைத் தொடங்கின. அதைவிட மோசமான செய்தி 1996இல் வந்தது. டயஸிபாம் மாத்திரை விழுங்கிய 11 பூனைகளுக்குக் கல்லீரல் திடீரென்று செயலிழந்ததாக ஓர் ஆய்வுக்கட்டுரை சொன்னது. அவற்றில் பெரும்பாலானவை இறந்துவிட்டன. பூனையின் கல்லீரல் நம்முடையதைப் போன்றதல்ல. சில மருந்துகளைச் சிதைத்து வெளியேற்றும் நொதி அதற்குச் சரியாக வேலை செய்யாது. பாரசிட்டமால் ஒரே மாத்திரை பூனையைக் கொல்வதும் இதனால்தான். பிரெட்னிசோனை பிரெட்னிசோலோனாக மாற்றுவதிலும் பூனை மந்தம். எனவே பூனைக்கு நேராகப் பிரெட்னிசோலோனே கொடுக்கப்படுகிறது.

1993இல் ஹார்ட் குழுவினர் 62 பூனைகளுக்கு பஸ்பிரோன் கொடுத்துப் பார்த்தார்கள். பாதிக்குச் சற்று மேல் குணம் தெரிந்தது. 2001இல் ஃப்ளூவோக்ஸெடின் பற்றி இன்னும் நல்ல முடிவு வந்தது. இவை ஸ்டீராய்டு அல்ல. அப்படியானால் பிரெட்னிசோலோனோடு சேர்த்துக் கொடுக்கலாமா? மருத்துவரின் கண்காணிப்பில் கொடுக்கிறார்கள். ஆனால் பழைய கேள்வி வேறு உருவத்தில் திரும்பி வந்தது.

ஸ்டீராய்டு சாப்பிடும் பூனை அதிகம் தண்ணீர் குடிக்கும், அதிகம் சிறுநீர் கழிக்கும். மணல் தட்டு சீக்கிரம் நனைந்துவிட, பூனை தரையைத் தேடும். வீட்டுக்காரர் அதை 'மனக்கோளாறு' என்று சொல்லிக் கொண்டுவருவார். உண்மையில் அது மருந்தின் வேலையாகவோ, தொடங்கிவிட்ட சர்க்கரை நோயாகவோ இருக்கலாம். ஸ்டீராய்டு எடுக்கும் நாய்கள் பதற்றமாக நடந்துகொள்வதாக 2011இல் ஓர் ஆய்வு வெளியானது. பூனையிலும் எரிச்சலும் மாறுபட்ட நடத்தையும் மருத்துவர்கள் எதிர்பார்க்கும் பக்கவிளைவுகளே. ஒரு மருந்தின் பக்கவிளைவுக்கு இன்னொரு மருந்து எழுதும் அபத்தம் இப்படித்தான் நேர்கிறது.

அதனால் இரண்டையும் ஒரே நாளில் தொடங்காமல், ஒன்று நிலைப்பட்ட பிறகே அடுத்ததைச் சேர்க்கும் வழக்கம் வந்தது. அப்போதுதான் எந்த மாற்றம் எதனால் என்று தெரியும். மனமருந்துக்கு முன் சிறுநீரில் சர்க்கரை பார்க்கிறார்கள். நாட்கணக்கில் கொடுத்த ஸ்டீராய்டைத் திடீரென்று நிறுத்துவதில்லை. உறங்கிவிட்ட அட்ரினல் விழித்துக்கொள்ள அவகாசம் வேண்டும். ஃப்ளூவோக்ஸெடின் உடலில் நெடுநாள் தங்குவதால், செலிஜிலின் போன்ற மருந்துக்கு மாறும்போது வாரக்கணக்கில் இடைவெளி விடுகிறார்கள். மாத்திரை விழுங்க மறுக்கும் பூனைக்குப் போடும் நீண்டகால ஸ்டீராய்டு ஊசிதான் இதில் தொல்லை. மாத்திரையைக் குறைத்துக்கொண்டே வரலாம். உள்ளே போன ஊசி மருந்து தானாகத் தீரும்வரை, பல வாரங்கள், காத்திருக்கத்தான் வேண்டும்.