யந்திரத்தின் தாகம்

இரும்புலியூரில் எங்கள் பெரியப்பா வீட்டுத் திண்ணையில் ஒரு பழைய தையல் மிஷின் இருந்தது. பெரியப்பா காலமான பிறகு அதற்கு வேலையில்லை. இடத்தை அடைக்கிறதே என்று பழைய இரும்புக்காரனை நான்தான் அழைத்து வந்தேன். ஊர்ப் பெயரில் ஒலிக்கும் இரும்பு என் நெஞ்சிலும் இருந்தது போலும்! அவன் தராசை இறக்கியபோது பெரியம்மா மெல்லச் சொன்னாள்:

"விக்கிறதுன்னா வித்துடுப்பா. எடைக்கு மட்டும் போடாதே. மிதிக்கத் தெரிஞ்சவங்க யாருக்காவது குடு."

அதைக் கேட்டதும் எனக்கு ஒரு வங்காளிப் படம் நினைவுக்கு வந்தது.

ரித்விக் கட்டக் டைரக்ட் செய்து 1958-ல் வெளிவந்த 'அஜாந்த்ரிக்' படத்துக்கு மூலம் சுபோத் கோஷின் சிறுகதை. 'யந்திரம் அல்லாதது' என்று பெயருக்குப் பொருள். கதாநாயகன் பிமல் என்ற டாக்ஸிக்காரன். காளி பானர்ஜி நடித்திருக்கிறார். கதாநாயகியோ, 1920-ஆம் வருஷத்துச் செவர்லே மோட்டார் கார்! அதற்கு 'ஜகத்தல்' என்று பெயரிட்டு, ராஞ்சிப் பக்கத்து மேடு பள்ளங்களில் ஓட்டிப் பிழைக்கிறான் பிமல். அதனோடு பேசுகிறான், கோபித்துக் கொள்கிறான். ஊரார் அவனைப் பைத்தியம் என்கிறார்கள்.

கட்டக் அந்தப் பைத்தியத்தின் கட்சியில் சேர்ந்துகொண்டார். ரேடியேட்டரில் பிமல் தண்ணீர் ஊற்றும்போது, தாகமெடுத்தவன் மடக்மடக்கென்று குடிக்கும் ஓசை நமக்குக் கேட்கிறது. முகப்பு விளக்குகள் கண்களைப் போலத் தாமாகவே திரும்புகின்றன.

யந்திரத்தில் அழகு கண்டவர்கள் அதற்கு முன்பும் உண்டு. பிரெஞ்சு ஓவியர் ஃபெர்னான் லெஜே, 1924-ல் 'பாலே மெக்கானிக்' என்ற படத்தில் சமையல் பாத்திரங்களையும் யந்திர உறுப்புகளையும் நடனமாட விட்டார். அவரைக் கவர்ந்தது அவற்றின் வடிவமும் அசைவும். கட்டக்கைக் கவர்ந்ததோ, ஒரு யந்திரத்தோடு மனிதன் கழித்த வருஷங்கள். ஆயுத பூஜையன்று சுத்தியலுக்கும் சைக்கிளுக்கும் சந்தனம் இடுகிற நமக்கு இது புரியாத விஷயமல்ல.

ஜகத்தல் கடைசியில் ஒரேயடியாகப் படுத்துவிடுகிறது. பழைய இரும்பாக உடைபட்டு வண்டியில் ஏறுகிறது. பிமல் கலங்கி நிற்கிறான். அப்போது எங்கிருந்தோ அதே ஹாரன் சத்தம்! கழன்று விழுந்த ஹாரனை ஒரு குழந்தை அழுத்தி விளையாடுகிறது. கண்ணீரோடு பிமல் சிரிக்கிறான். படம் அன்று பணம் சேர்க்கவில்லை. ஆனால் 1959-ல் வெனிஸ் நகரத்துத் திரைப்பட விழா வரை போயிற்று.

இன்னொன்று சொல்ல வேண்டும். சினிமாவே தையல் மிஷினுக்குக் கடன்பட்டது. துணியைச் சற்று நகர்த்தி, நிறுத்தி, மறுபடி நகர்த்தும் அதன் இயக்கத்திலிருந்துதான், பிலிமை விட்டுவிட்டு நகர்த்தும் யோசனை லூயி லூமியேருக்குப் பிறந்தது. 1895-ல் பாரிஸ் ஜனங்கள் காசு கொடுத்துப் படம் பார்த்தது அந்தக் கருவியால்தான்.

தராசுக்காரனைத் திருப்பி அனுப்பினேன். மறுவாரம், தாம்பரத்தில் தைத்துப் பிழைக்கும் ஓர் அம்மாள் மிஷினை வாங்கிக்கொண்டாள். விலை சொற்பந்தான். வண்டியில் ஏற்றுமுன் ஒருமுறை மிதித்துப் பார்த்தாள். அந்தச் சத்தம் கேட்டதும் பெரியம்மா உள்ளே போய், பெரியப்பாவின் எண்ணெய்ச் சொப்பைக் கொண்டுவந்து அவள் கையில் கொடுத்தாள். தராசைக் கூட்டி வந்த எனக்குத்தான் பெரியம்மாவின் முகத்தைப் பார்க்கக் கூச்சமாக இருந்தது.