ஊழியம் என்னும் சொல்: உரோமப் பேரரசர் வழிபாடும் திருவிதாங்கூர்க் கிறித்தவமும்

திருவனந்தபுரம் வலியசாலையிலுள்ள சிவன் கோயிலைச் சோழர் கல்வெட்டுகள் குறிக்கும் காந்தளூர்ச் சாலையின் இடமாகக் கொள்வது ஆய்வாளர் பலர்க்கும் உடன்பாடான கருத்தாகும். முதலாம் இராசராசன் அங்குக் கலமறுத்த செய்தியில் கலம் என்பது மரக்கலமா, உண்கலமா, வேறொன்றா என்னும் வழக்கு நெடுங்காலமாகியும் தீர்ந்தபாடில்லை. அவ்வழக்கு இக்கட்டுரைக்கு வேண்டுவதன்று. வேண்டுவது அம்மன்னனின் கல்வெட்டுகளில் பயிலும் ஒரு சொல்லே. தஞ்சைப் பெருங்கோயில் கல்வெட்டுகள் அரசனையும் 'உடையார்' என்கின்றன. அங்கு எழுந்தருளியுள்ள இறைவனையும் 'உடையார்' என்கின்றன. அரசன் 'தேவர்' எனவும் குறிக்கப்பெறுகிறான். இறை, கோ, பெருமாள் ஆகிய சொற்களும் இவ்வாறே இருவர்க்கும் பொதுவாயின. கோயில் என்பது அரசன் மனையுமாம், தெய்வத்தின் மனையுமாம்.

இப்பொதுமை தமிழுக்கு மட்டும் உரியதன்று. உரோமப் பேரரசின் கிழக்கு மாநிலங்களில் வழங்கிய கிரேக்க மொழியிலும் அரசனுக்குரிய சொல்லும் தெய்வத்துக்குரிய சொல்லும் கலந்தே கிடந்தன. அச்சொற்களுக்கிடையேதான் தொடக்கக் காலக் கிறித்தவம் பேசத் தொடங்கியது. வலியசாலையிலிருந்து நடந்து செல்லும் தொலைவிலேயே பத்மநாபசுவாமி கோயில் உள்ளது. 1750இல் ஒரு நாடே அங்குத் தெய்வத்தின் உடைமையாக எழுதிக் கொடுக்கப்பட்டது. அந்நாட்டில் வாழ்ந்த கிறித்தவர் எதிர்கொண்ட சிக்கலும் உரோம நாட்டுக் கிறித்தவர் எதிர்கொண்ட சிக்கலும் எங்கு ஒத்துச் செல்கின்றன, எங்கு வேறுபடுகின்றன என்பதை 'ஊழியம்' என்னும் ஒரு சொல்லைக் கொண்டு இக்கட்டுரை ஆராய்கிறது.

முசிறியில் ஒரு கோயில்

பேரரசர் வழிபாடு சேர நாட்டுக் கடற்கரைக்கும் வந்திருக்கலாம் என்பதற்கு ஒரு குறிப்பு உண்டு. வியன்னா நூலகத்தில் உள்ள பியூட்டிங்கர் நிலப்படம் பழைய உரோமப் படம் ஒன்றின் இடைக்காலப் படியாகும். அதில் முசிறியின் அருகே ஒரு கட்டடம் வரையப்பெற்று, 'அகஸ்துவின் கோயில்' என்னும் பொருள்படும் இலத்தீன் பெயரும் எழுதப்பட்டுள்ளது. ஒலி ஒப்புமை ஒன்றையே துணையாகக் கொண்டு இதனை அகத்தியர் கோயில் எனக் காட்ட முயன்றோரும் உளர். தமிழர்க்கு இனிக்கும் கருத்துதான். ஆனால் அதற்கு வேறு சான்று இல்லை. எகிப்திலிருந்து மிளகு வாணிகத்துக்கு வந்து, பருவக்காற்று மாறும்வரை தங்கிய வணிகர்கள் தம் ஊர் வழக்கப்படி பேரரசர்க்கு ஒரு வழிபாட்டிடம் அமைத்திருக்கக்கூடும் எனக் கொள்வதே பொருத்தம். 2007 முதல் பட்டணத்தில் நிகழ்ந்த அகழாய்வுகள் உரோம வாணிகச் சான்றுகளை மிகுதியாகத் தந்தபோதிலும் கோயில் எதனையும் காட்டவில்லை. எனவே படத்திலுள்ள குறியை அளவுக்கு மிஞ்சி நம்புதலும் தகாது.

சொற்களின் போர்

அகஸ்து உயிருடன் இருக்கையிலேயே ஆசிய மாநிலத்தார் அவர்க்குக் கோயில் எழுப்ப இசைவு கேட்டனர். உரோம் என்னும் பெண்தெய்வத்தோடு இணைத்துப் பெர்கமு நகரில் அக்கோயில் அமைய கி.மு. 29இல் இசைவு கிடைத்தது. கி.மு. 9ஆம் ஆண்டைச் சார்ந்த பிரியேனே கல்வெட்டு, அகஸ்துவின் பிறந்த நாளையே ஆண்டுத் தொடக்கமாகக் கொள்ளுமாறு அறிவித்தது. அப்பிறந்த நாளை உலகுக்கு நற்செய்திகளின் தொடக்கம் எனவும் கூறியது. நற்செய்தி, மீட்பர், ஆண்டவர், வருகை எனக் கிறித்தவர் தம் தலைவர்க்கு உரியனவாக வழங்கிய சொற்கள் பல, பேரரசர் புகழ்பாடும் கல்வெட்டுகளிலும் காணப்படுகின்றன. ஜெர்மானிய அறிஞர் அடோல்ஃப் டைஸ்மன் 1908இல் வெளியிட்ட நூலில் இதனை விரிவாகக் காட்டினார்.

இதனால் கிறித்தவம் தன் சொற்களைப் பேரரசர் வழிபாட்டிலிருந்து கடன் கொண்டது என முடிவுகட்டிவிடல் ஆகாது. 'கூரியோஸ்' என்னும் சொல் எபிரேயத் திருநூலின் கிரேக்கப் பெயர்ப்பில் ஏற்கெனவே கடவுளைக் குறித்து நின்றது. ஆயினும் அதே சொல்லைச் சந்தை வெளியில் பேரரசர்க்குரியதாகக் கேட்ட ஒருவன், ஒரு கூட்டத்தார் அதனைச் சிலுவையில் இறந்த ஒருவர்க்கு உரியதாக்குவதைக் கேட்கும்போது, அதில் ஒரு மறுப்பும் உண்டு என்பதை உணர்ந்திருப்பான். சிமிர்னா நகரில் கி.பி. 155ஐ ஒட்டிக் கொல்லப்பட்ட பொலிக்கார்ப்பு என்னும் முதியவரிடம் அதிகாரி வேண்டியது, சீசரை ஆண்டவர் என்று ஒரு முறை சொல்லிவிடுமாறே ஆகும்.

பித்தினியாவின் ஆளுநராக இருந்த பிளினி ஏறத்தாழக் கி.பி. 112இல் திராயானுக்கு எழுதிய மடல் இதனினும் நுட்பமானது. குற்றம் சாட்டப்பெற்றோர் தெய்வங்களை வாழ்த்தி, பேரரசர் உருவத்தின் முன் நறும்புகையும் மதுவும் படைத்து, கிறித்துவைப் பழித்தால் அவர்களை விடுவித்ததாக அவர் எழுதினார். திராயானோ தம் மறுமொழியில் 'நம் தெய்வங்களை' வணங்கினால் போதும் என்றாரேயன்றித் தம் உருவம் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. பேரரசர் வழிபாட்டை மறுத்ததே கிறித்தவர் துன்புறுத்தப்பட்டதற்கு ஒரே காரணம் என்னும் பொதுக் கருத்து இதனால் தளர்கிறது. பிளினிக்கு உறுத்தியது பிடிவாதம். அவர்களின் கொள்கை எதுவாயினும் அப்பிடிவாதமே தண்டனைக்குரியது என்றார்.

அக்காலத்தார் பேரரசரை உண்மையிலேயே தெய்வம் என நம்பினரா என்னும் கேள்வி அடிக்கடி எழுப்பப்படுகிறது. சைமன் பிரைஸ் 1984இல் வெளியிட்ட ஆய்வில் இக்கேள்வியே பிழையுடையது என்றார். உள்ளத்து நம்பிக்கையே சமயம் எனக் கொள்வது பிற்காலக் கிறித்தவப் பார்வை. அன்றைய நகரத்தார்க்குச் சடங்கே அதிகாரத்தைப் புரிந்துகொள்ளும் வழியாக இருந்தது என்பது அவர் வாதம். திருவிதாங்கூரை நோக்குவதற்கும் இவ்வாதம் துணைபுரிகிறது.

இங்குக் கருதவேண்டிய மற்றொரு சொல் 'லெய்தூர்கியா'. கிரேக்க நகரங்களில் செல்வர் தம் செலவில் ஊர்க்கு ஆற்றவேண்டிய கடமையை அது குறித்தது. விழா எடுப்பதும் கப்பலுக்குச் செலவிடுவதும் அதில் அடங்கும். உரோமர் ஆண்ட எகிப்தில் அது கட்டாய வேலையாயிற்று. வாய்க்கால் காவலும் வரி தண்டலும் முறைவைத்து மக்கள் மீது சுமத்தப்பட்டன. அச்சொல்லே திருச்சபையில் பொது வழிபாட்டின் பெயராயிற்று. உரோமையர்க்கு எழுதிய மடலின் 13ஆம் இயலில் பவுல், வரி தண்டும் அரசப் பணியாளரையும் இச்சொல்லின் வழிவந்த பெயராலேயே குறிக்கிறார். தமிழ் விவிலியத்தில் அவ்விடத்து அமைந்த சொல் 'தேவ ஊழியக்காரர்'.

கி.பி. 313இல் கான்ஸ்தந்தீன், ஆப்பிரிக்க மாநில ஆளுநர் அனுலீனுவுக்கு ஒரு மடல் விடுத்தார். திருச்சபைக் குருமார் தெய்வப் பணிக்குத் தடையின்றி உதவும்பொருட்டு, அவர்கள் எல்லா லெய்தூர்கியாக்களினின்றும் விடுவிக்கப்படவேண்டும் என்பது அதன் செய்தி. விளைவு எதிர்பாராதது: கடமைச் சுமையைத் தவிர்க்க விரும்பிய நகரச் செல்வர் குருத்துவத்தை நாடினர், அதனைத் தடுக்கச் சில ஆண்டுகளில் அவரே சட்டம் இயற்ற நேர்ந்தது.

படியில் வைத்த நாடு

மார்த்தாண்ட வர்மர் (1729–1758) 1750 சனவரியில் தோவாளைக் கோட்டை முதல் கவணாறு வரையுள்ள தம் நாட்டை பத்மநாபர்க்குத் தானமாக்கி, தாமும் தம் வழியினரும் 'ஸ்ரீபத்மநாபதாசர்' என்னும் நிலையில் ஆள்வதாக எழுதிக் கொடுத்தார். இது திருப்படித்தானம் எனப்பெறும். புதிதாக வென்று சேர்த்த நாட்டில், அரசை எதிர்ப்பது சுவாமித் துரோகமாகிவிடும் என்னும் அரசியல் நோக்கம் இதில் உண்டென்பர். உரோமிலும் பேரரசரின் மாண்புக்கு எதிரான குற்றம் இத்தகையதொரு சொல்லாலேயே பெருகியது. ஆயினும் வேறுபாடு பெரிது. உரோமில் அரசன் தெய்வமானான். இங்கு அரசன் தெய்வத்தின் தாசனானான். அரசன் தாசனாகிவிட்ட நாட்டில், அவனுக்குக் கீழுள்ளோர் செய்யும் ஒவ்வொரு வேலையும் கோயில் வேலையே. மேற்படியில் அத்தொண்டு பட்டப்பெயராக விளங்கியது. கீழ்ப்படியில் அது கூலியற்ற உழைப்பாக இருந்தது.

தேவசகாயம் வரலாறு இக்காலத்தது. நட்டாலத்தில் 1712இல் பிறந்த நீலகண்ட பிள்ளை பத்மநாபபுரத்தில் அரசுப் பணியில் இருந்தார். 1741இல் குளச்சல் போரில் பிடிபட்டுப் பின் திருவிதாங்கூர்ப் படைத்தலைவரான டச்சுக்காரர் டிலனாயின் தொடர்பால் கிறித்தவத்தை அறிந்து, 1745இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்றார். 1749இல் சிறைப்பட்டார். 1752 சனவரி 14இல் ஆரல்வாய்மொழியருகே காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். சிறைப்பட்டதற்கும் கொல்லப்பட்டதற்கும் இடையே திருப்படித்தானம் நிகழ்ந்தது என்பதும், கொல்லப்பட்ட இடம் தானமாக்கப்பட்ட நாட்டின் தோவாளை எல்லையை ஒட்டியது என்பதும் போதிய கவனம் பெறாதவை. கத்தோலிக்கத் திருச்சபை 2022 மே 15இல் அவரைப் புனிதராக அறிவித்தது. சமயத்துக்காகக் கொல்லப்பட்டார் என்பது திருச்சபை மரபு. அரசுப் பணியில் நேர்ந்த குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டார் என்பது வரலாற்றாசிரியர் சிலரின் கருத்து. இருசாராரும் சமயம் வேறு, அரசு வேறு என்னும் பிரிவினையை 18ஆம் நூற்றாண்டின் மீது ஏற்றிப் பார்க்கின்றனர். அரண்மனைப் பணியாளர் ஒருவர் அரசின் தெய்வத்தை விட்டு நீங்குவதை அவ்வரசு இவ்விரண்டில் எதுவாகப் பிரித்துப் பார்த்திருக்கும்?

யாருடைய ஊழியம்

திருவிதாங்கூரில் ஊழியம் என்பது கூலியின்றிச் செய்யும் கட்டாய வேலை. நாடார், ஈழவர், சாம்பவர் முதலிய சாதியாரே பெரிதும் அதனைச் சுமந்தனர். கோயில் யானைக்கு ஓலை, ஊட்டுப்புரைக்கு விறகும் காய்கறியும், பயணம் செல்லும் அதிகாரிக்குச் சுமைதூக்கல் என அது நீண்டது. எந்தக் கோயிலுக்காக உழைத்தனரோ அதன் வாயிலை நெருங்கவும் அவர்களுக்கு உரிமையில்லை. உரோமக் கிறித்தவரிடம் வேண்டப்பட்டது கோயிலில் நின்று படைக்கும் ஒரு சிட்டிகை நறும்புகை. இவர்களிடம் வேண்டப்பட்டதோ உழைப்பு. நறும்புகை இட இவர்கள் விரும்பியிருப்பினும் கோயில் மதிலுக்குள் விடப்பட்டிருக்கமாட்டார்கள்.

இலண்டன் மிஷனைச் சார்ந்த ரிங்கல்தௌபே 1806இல் திருவிதாங்கூருக்கு வந்தார். மயிலாடியைச் சார்ந்த வேதமாணிக்கத்தின் அழைப்பும் உழைப்பும் அதற்கு அடிப்படை. மயிலாடியில் எழுந்த சபையைத் தொடர்ந்து நாஞ்சில் நாட்டுச் சிற்றூர்களில் சபைகள் பெருகியபோது இரு கேள்விகள் எழுந்தன: ஞாயிற்றுக்கிழமை ஊழியத்துக்குப் போவதா? கோயில் ஊழியம் செய்வதா? பிரித்தானிய ரெசிடெண்டாக 1810 முதல் 1819 வரை இருந்த கர்னல் மன்றோ இவ்விரண்டினின்றும் கிறித்தவர்க்கு விலக்குக் கிடைக்கச் செய்தார். இதே மன்றோதான் திவானாகவும் இருந்து, 1811–12இல் 348 தேவஸ்வங்களின் சொத்துகளை அரசோடு சேர்த்தவர். கோயில் நிலத்தை அரசுடைமையாக்கி, கோயில் வேலையை அரசு வேலையிலிருந்து பிரித்தறிய இயலாதவாறு செய்தவரே, அவ்வேலையில் கோயிலுக்குரியதை மட்டும் பிரித்துக் கிறித்தவர்க்கு விலக்களித்தார் என்பது முரணே. எது கோயில் ஊழியம், எது சர்க்கார் ஊழியம் என்னும் பூசல் பின்னரும் தொடர்ந்ததில் வியப்பில்லை.

கான்ஸ்தந்தீன் மடலை ஒத்தது இவ்விலக்கு. ஆனால் பயன்பெற்றோர் வேறு. அங்கு விலக்குப் பெற்றவர் குருமார். பின் அதனை நாடி வந்தோர் நகரச் செல்வர். இங்குப் பெற்றவர் பனையேறியும் உழவரும். இருந்தும் எழுந்த குற்றச்சாட்டு ஒன்றே: வேலைக்கு அஞ்சியே சமயம் மாறினர் என்பது. நகரச் செல்வர் வகையில் இதில் உண்மை இருக்கலாம். திருவிதாங்கூர் வகையில் இக்குற்றச்சாட்டு தன்னைத்தானே மறுத்துக்கொள்கிறது. நாடே தெய்வத்தின் உடைமை, வேலையே தெய்வத் தொண்டு என அரசு கூறுமானால், அவ்வேலையை மறுப்பது சமயச் செயலன்று, வெறும் சோம்பல் என அதே அரசைச் சார்ந்தோர் கூறுதல் பொருந்தாது. ஓலை சுமக்க மறுத்தவன் நறும்புகை இட மறுத்தவனுக்கு இணையானவன்.

தமிழ் விவிலியத்தில் ஊழியம் என்னும் சொல் திருவிதாங்கூரிலிருந்து சென்றதன்று. விவிலியத் தமிழ் தரங்கம்பாடியில் 18ஆம் நூற்றாண்டிலேயே உருப்பெறத் தொடங்கிவிட்டது. ஆனால் நாஞ்சில் நாட்டு வாசகன் அச்சொல்லைத் தன் தோளில் சுமந்தவன். வாரநாள்களில் அதிகாரியின் ஆள் வந்து கூவி அழைத்த ஊழியமும், ஞாயிறன்று சபையில் வாசிக்கப்பெற்ற ஊழியமும் அவன் காதில் ஒரே சொல்லாகவே விழுந்திருக்கும். இன்று கன்னியாகுமரி மாவட்டச் சிற்றூர்களில் ஒருவர் ஊழியத்துக்குப் போயிருக்கிறார் என்றால் அவர் நற்செய்தி அறிவிக்கச் சென்றுள்ளார் என்றே பொருள். பழைய பொருள் அறவே மறைந்துவிட்டது; லெய்தூர்கியாவில் வாய்க்கால் காவல் மறைந்ததைப் போல.

1949 சூலை 1இல் திருவிதாங்கூரும் கொச்சியும் இணைந்தன. புதிய மாநிலத்தின் இராசப்பிரமுகராகச் சித்திரைத் திருநாள் மன்னர் பதவி ஏற்கவேண்டியிருந்தது. தாம் பத்மநாபரின் தாசராக ஆள்பவர் என்றும், எனவே வேறோர் உறுதிமொழி ஏற்பது இயலாது என்றும் அவர் தெரிவித்தார். அதற்கு ஈடாக எழுத்து வழியான உறுதியொன்று ஏற்றுக்கொள்ளப்பட்டதை வி. பி. மேனன் தம் நூலில் பதிவுசெய்துள்ளார்.