இரண்டு வவ்வால், இரண்டு வம்சம்: சூரை மீனின் உறவுக்காரர் யார்?

மீன் சந்தையில் வெள்ளை வவ்வாலும் கறுத்த வவ்வாலும் பக்கத்தில் பக்கத்தில் கிடக்கும். இரண்டுக்கும் தட்டையான உடல், சிறிய வாய், கவட்டை வால். நிறத்தில் மட்டும் வேறுபட்ட சகோதரங்கள் என்றுதான் நினைப்போம். ஆனால் கறுத்த வவ்வால் பாரைக் குடும்பத்தைச் சேர்ந்தது. வெள்ளை வவ்வாலோ சூரை, அறக்குளா, கும்பளா ஆகியவற்றின் கிளையில் வருகிறது.

கடற்றொழில் பற்றிய செய்திகளை எழுதி வருவதால், எந்த மீன் எந்த மீனுக்கு உறவு என்ற கேள்வி எனக்கு அடிக்கடி எழும். விஞ்ஞானம் தரும் பதில் கடந்த இருபது ஆண்டுகளில் பெரிதும் மாறிவிட்டது.

தோற்றத்தை வைத்துப் பிரித்த காலம்

சுறாவும் திருக்கையும் குருத்தெலும்பு மீன்கள். நாம் சமைக்கும் ஏனைய மீன்கள் அநேகமாக எல்லாமே எலும்பு மீன்கள். அவற்றில், துடுப்பை மெல்லிய கதிர்கள் விசிறிபோலத் தாங்கும் பிரிவில் மட்டும் 30,000 இற்கும் மேற்பட்ட இனங்கள் உள்ளன.

1758 இல் லின்னேயஸ், வயிற்றுத் துடுப்பு அமைந்துள்ள இடத்தை வைத்து இவற்றை வரிசைப்படுத்தினார். பின்வந்தவர்கள் முள்ளையும் எலும்பையும் பார்த்தார்கள். வேறெங்கும் பொருந்தாத மீன்கள் 'பேர்சிஃபோர்மிஸ்' என்ற வரிசைக்குள் போடப்பட்டன. காலப்போக்கில் சூரை, சீலா, பாரை, கலவாய் என்று ஏறத்தாழ 10,000 இனங்கள் அந்த ஒரே கூடையில் நிறைந்தன.

மரபணு சொன்ன கதை

மரபணு ஆய்வு அந்தக் கூடையைக் கலைத்தது. மயில்மீனும் சூரையும் திறந்த கடலில் வேகமாகப் பாய்பவை; வாலும் ஒரே பிறை வடிவம். ஆனால் மயில்மீனின் உறவுகள் பாரை, சீலா, மணலில் ஒட்டிக் கிடக்கும் நாக்கு மீன் ஆகியவை. ஒரே மாதிரியான வாழ்க்கைதான் இரண்டுக்கும் ஒரே உருவத்தைக் கொடுத்தது.

சூரையின் கிளை இன்னும் விசித்திரமானது. 2013 இல் ஜப்பானிய ஆய்வாளர் மசாகி மியாவின் குழு, 15 மீன் குடும்பங்கள் ஒரே மூதாதையிலிருந்து வந்தவை எனக் காட்டியது. வெள்ளிப் பட்டிபோன்ற சாவாளையும், தன்னைவிடப் பெரிய இரையை விழுங்கும் ஆழ்கடல் மீனும் அவற்றில் அடக்கம். இந்தக் கிளைக்குப் 'பெலாஜியாரியா' என்று பெயர். கடற்குதிரையின் கிளை இதற்கு மிக நெருக்கமானது எனப் பல ஆய்வுகள் காட்டுகின்றன.

பேரழிவுக்குப் பின்

66 மில்லியன் ஆண்டுகளுக்கு முன், டைனோசர்கள் அழிந்த காலத்தில் கடலின் பெரிய வேட்டை மீன்களும் மறைந்தன. ஐந்து மீற்றர் வரை வளர்ந்த சிஃபாக்டினஸ் அவற்றில் ஒன்று. சூரைக் கிளையின் மூதாதைகள் ஆழ்கடலில் வாழ்ந்தவை என்பது மியா குழுவின் முடிவு. மேற்கடல் வெறுமையானபோது தப்பியவற்றின் சந்ததிகள் அங்கு பரவின; பரவிய இடத்துக்கேற்ப உருவம் மாறின. இன்று ஒன்றை ஒன்று அடையாளம் காண முடியாத அளவுக்கு வேறுபட்டிருந்தாலும், அவை ஒரே வம்சம்தான்.

பெயர் ஏன் முக்கியம்?

இலங்கையும் அங்கம் வகிக்கும் இந்து சமுத்திர சூரை மீன் ஆணைக்குழு 16 இனங்களைக் கண்காணிக்கிறது. அறக்குளா உட்பட 11 இனங்கள் சூரைக் கிளையைச் சேர்ந்தவை. மயில்மீன் உட்பட ஏனைய 5 இனங்கள் பாரையின் பக்கம் வருபவை. ஒவ்வொரு இனத்துக்கும் தனிக் கணக்கு வேண்டும். இரண்டு வவ்வாலையும் ஒரே பெயரில் பதிந்தால், ஒன்று குறைந்து போவது மற்றதன் பிடிபாட்டில் மறைந்துவிடும். அந்த நட்டம் கடைசியில் வலை இழுப்பவரின் தலையில்தான் விழும்.

சரியாகப் பதிவதற்குக் கரையில் வழங்கும் பெயர்கள் வேண்டும். கும்பளாவின் விஞ்ஞானப் பெயரில் உள்ள 'கனகுர்த்தா' ஒரு தெலுங்குச் சொல். பற்றிக் ரசல் விசாகப்பட்டினத்து மீன்களைப் பற்றி 1803 இல் வெளியிட்ட நூலின் வழியாக அது விஞ்ஞானத்துக்குள் போனது. யாரோ கேட்டு எழுதியதால் அந்தச் சொல் நிலைத்தது.

எங்கள் கரைகளில் கடல் தடைகளும் இடப்பெயர்வும் பல பிள்ளைகளைக் கடலிலிருந்து தள்ளி வைத்தன. குஞ்சுக்கு ஒரு பெயர், வளர்ந்ததற்கு இன்னொரு பெயர் என்று சொல்லக்கூடிய முதியவர்கள் இன்னும் எங்களோடு இருக்கிறார்கள். ஊரூராக அந்தப் பெயர்களைக் கேட்டு, படத்தோடும் விஞ்ஞானப் பெயரோடும் எழுதி வைப்பது பாடசாலை மாணவர்களாலும் கடற்றொழிலாளர் சங்கங்களாலும் இப்போதே செய்யக்கூடிய வேலை.