ஆறு ரேஸும் ஜெயிக்குமா? குதிரைப் பந்தயம் சொல்லும் கணக்கு

நார்மன் விஸ்டம் நடிச்ச 'ஜஸ்ட் மை லக்', 1957-ல் வந்த பிரிட்டிஷ் காமெடிப் படம். நகைப் பட்டறையில் வேலை பார்க்கிற ஹீரோவுக்கு, மனசுக்குப் பிடிச்ச பொண்ணுக்கு வைர பென்டன்ட் வாங்கித் தரணும்னு ஆசை. கையில் காசு இல்லை. ஒரே ஜாக்கி ஒரே நாள்ல ஆறு ரேஸும் ஜெயிப்பார்னு ஒரு பவுண்டு கட்டுறார். ரேஸுக்கு ரேஸ் தொகை எகிறுது. பார்க்க செம ஜாலி. ஆனா நிஜத்துல?

கணக்கு இதுதான்

ஒரு ரேஸுக்கு 10 குதிரை, எல்லாமே சம பலம்னு வெச்சுக்கோங்க. ஒரு வின்னரைச் சரியா சொல்ல 10-ல் ஒரு வாய்ப்பு. ஆறையும் சொல்ல 10 லட்சத்தில் ஒண்ணு. 'டோட்' முறையில் எல்லார் பணமும் ஒண்ணாச் சேரும். கிளப் பங்கும் வரியும் கழிச்ச மீதிதான் ஜெயிச்சவங்களுக்கு. அதாவது, கட்டினவங்க எல்லாரையும் சேர்த்துப் பார்த்தா எப்பவும் நஷ்டம்தான்!

கிண்டி கதை

சங்கரன்கோவில்ல பொதிகை எக்ஸ்பிரஸ் ஏறினா, எழும்பூருக்கு முன்னாடி கிண்டியைத் தாண்டுவீங்க. ஸ்டேஷன் பக்கத்துலதான் ரேஸ் கோர்ஸ். 'மெட்ராஸ் ரேஸ் கிளப்' 1896-ல் தொடங்கினது. பந்தயத்துல பணம் கட்டுறதைத் தடுக்க 1949-லேயே சட்டத் திருத்தம் வந்தாலும், அமலாக்க அறிவிப்பு எழுபதுகளில்தான் வந்துச்சு. கிளப் கோர்ட்டுக்குப் போச்சு. 1996-ல் உச்ச நீதிமன்றம், 'குதிரைப் பந்தயம் திறமை சார்ந்த விளையாட்டு, சூதாட்டம் இல்லை'ன்னு தீர்ப்பு சொன்னது.

நில விவகாரம் தனி. சுமார் 160 ஏக்கருக்கு 1945-ல் போட்ட 99 வருஷ குத்தகையை, வாடகை பாக்கியைக் காரணம் காட்டி 2024 செப்டம்பரில் அரசு ரத்து செஞ்சு சீல் வெச்சது.

உங்க போனுக்கு என்ன சம்பந்தம்?

ஆன்லைன் ரம்மி நிறுவனங்கள் 'இது ஸ்கில் கேம்'னு கோர்ட்ல வாதாடினப்போ கையில் எடுத்தது இந்த 1996 தீர்ப்பைத்தான். ஆனா 2025 ஆகஸ்ட்ல வந்த மத்திய சட்டம், திறமையோ அதிர்ஷ்டமோ, பணம் கட்டி ஆடுற ஆன்லைன் கேம் எல்லாத்துக்கும் தடை போட்டுடுச்சு.

'ஸ்கில்'ங்கிறது சட்டம் வெச்ச பேர். நாம ஜெயிப்போம்ங்கிற உத்தரவாதம் இல்லை. குதிரையை ஓட்டுறது ஜாக்கியோட திறமை. காசு கட்டி வெளியே நிக்கிறவருக்கு அதில் பிடிமானம் கம்மி. அடுத்த முறை 'ஈஸி மணி' விளம்பரம் வந்தா, அந்த 10 லட்சத்தில் ஒண்ணை மட்டும் நினைச்சுக்கோங்க. ஒரு பவுண்டு மேஜிக் எல்லாம் படத்தோட முடியட்டும்!