நெல்வயலின் சம்பளமில்லாத வேலையாள்

எமனை வென்ற தலம் என்று பெயர் பெற்றது திருக்கடையூர். அறுபதாம் கல்யாணத்துக்காக எங்கிருந்தெல்லாமோ மக்கள் வருகிறார்கள். கோயிலைத் தாண்டினால் காவிரியின் கடைமடை வயல்கள். அந்த வயல்களில் எதிரி என்று நினைத்து மனிதன் மருந்தடித்துக் கொன்ற ஒரு நண்பன் உண்டு. நீளக்கொம்பு வெட்டுக்கிளி!

யார் இது?

சாதாரண வெட்டுக்கிளிக்கு உணர்கொம்பு குட்டை. இதற்கோ உடலைவிட நீளம், நூல் மாதிரி மெல்லியது. ஆண், முன்னிறகுகளை உரசிப் பாடும். காது இருப்பது முன்னங்கால்களில்! நெல்வயலில் வாழும் இனம் இலையைக் கொஞ்சம் கடிக்கும், உண்மைதான். ஆனால் குருத்துப்பூச்சி, கதிர்நாவாய்ப்பூச்சி ஆகியவற்றின் முட்டைகளையும் புகையானின் குஞ்சுகளையும் தின்று தீர்க்கும். குருத்துப்பூச்சி தன் முட்டைகளைப் பழுப்பு ரோமத்தால் மூடி வைத்தாலும் விடாது.

மருந்து வந்த கதை

1960-ல் தீவிர வேளாண் மாவட்டத் திட்டத்துக்கு நாட்டில் முதலில் தேர்வான மாவட்டங்களில் தஞ்சாவூரும் ஒன்று. திருக்கடையூர் அப்போது அந்த மாவட்டத்தில்தான் இருந்தது. ஆடுதுறை 27, ஐ.ஆர். 8 போன்ற புது ரகங்கள் வந்தன. கூடவே உரமும் பூச்சிமருந்தும் வந்தன. விளைச்சல் கூடியது, மறுக்க முடியாது. ஆனால் மருந்துக்கு நண்பன், பகைவன் தெரியாது. புகையான் தன் முட்டையை நெல்லின் தாளுக்குள் இடுவதால் அது தப்பித்துக்கொள்ளும். அதைத் தின்னும் பூச்சிகளோ செத்துவிடும். விளைவு, மருந்தடித்த வயலிலேயே புகையான் பெருகியது!

இதே சிக்கலில் மாட்டிய இந்தோனேசியா, 1986-ல் நெல்லுக்கான 57 மருந்துகளைத் தடை செய்தது. அதனால் விளைச்சல் சரிந்துவிடவில்லை. இந்தியாவும் 1985 முதலே ஒருங்கிணைந்த பூச்சி மேலாண்மையைக் கொள்கையாக ஏற்றிருந்தது. அதன்படி குருத்துப்பூச்சிக்கு உடனே மருந்தடிக்கத் தேவையில்லை. இளம் பயிரில் 10 சதவீதம் குருத்துக் காய்ந்தாலோ, கதிர் வந்தபின் 2 சதவீதம் வெண்கதிர் தெரிந்தாலோதான் மருந்து. வரவு செலவு பார்ப்பவருக்கு இது எளிய கணக்கு. தேவையில்லாமல் அடிக்கும் மருந்து ஒரு செலவு. அது கொல்லும் சம்பளமில்லாத வேலையாள் இன்னொரு நஷ்டம்.

பயம் போகவில்லை

2020 மே மாதம் வட இந்தியாவைப் பாலைவன வெட்டுக்கிளிகள் தாக்கின. அப்போது கிருஷ்ணகிரி மாவட்டம் நேரலகிரியில் எருக்கஞ்செடிகளில் வெட்டுக்கிளிகளைக் கண்டு மக்கள் பயந்தார்கள். பார்த்த அதிகாரிகள், இவை உள்ளூர் வகை, பாலைவனக் கூட்டம் அல்ல என்று சொன்னார்கள். பெயர் ஒன்றாக இருப்பதால் எல்லாமே எதிரியாகிவிடுமா?

வீட்டுக்குள் வந்தால்?

விளக்கு வெளிச்சத்துக்கு நீளக்கொம்பன் வீட்டுக்குள்ளும் வரும். அடிக்க வேண்டாம். காலைப் பிடித்துத் தூக்கவும் கூடாது. பின்னங்காலைக் கழற்றிவிட்டுத் தப்பிக்கும் வழக்கம் அதற்கு உண்டு, வளர்ந்த பூச்சிக்கு அந்தக் கால் மறுபடி முளைக்காது. பெண் பூச்சியின் வாலில் வாள் போல நீட்டிக்கொண்டிருப்பது கொடுக்கு அல்ல, முட்டையிடும் உறுப்பு. பெரிய இனங்கள் நெருக்கினால் கடிக்கும், ஆனால் விஷம் கிடையாது. ஒரு டம்ளரால் மெதுவாக மூடி, அடியில் கெட்டி அட்டையைச் செருகி, வெளியே எடுத்துப் போக வேண்டும். விளக்கு இல்லாத, மருந்தடிக்காத வரப்புப் புல்லில் விட்டால் போதும்.

அன்றிரவே அது தன் வேலைக்குத் திரும்பிவிடும்.