குர்ட் கெரன்: ஒரு குணசித்திர நடிகரின் வரலாறு

சினிமாவின் வரலாற்றை எழுதுவோர் கதாநாயகரையும் நெறியாளரையுமே பெரிதும் எடுத்துரைப்பர். நாயகனுக்கு எதிரே நின்று அவனை மிரட்டியும் ஏமாற்றியும் காட்சிக்கு உயிரூட்டும் குணசித்திர நடிகரின் பெயர் அடிக்குறிப்பிலே ஒதுங்கிவிடும். ஜேர்மானிய நடிகரான குர்ட் கெரன் அவ்வகையினருள் ஒருவர். ஆயினும், அவர் நடித்த படங்களினும் பார்க்கச் சிறையிலே நெறிப்படுத்திய ஒரு படத்தினாலேயே இன்று விவாதிக்கப்படுகின்றார். அவ்விவாதத்திலே நியாயம் காண விழைவோர் அவரது தொழில் வாழ்வை முதலிலிருந்தே நோக்குதல் வேண்டும்.

1897 ஆம் ஆண்டு பேர்லினில் யூதக் குடும்பமொன்றிற் பிறந்த கெரன், முதலாம் உலகப் போரிலே படுகாயமுற்றார். அக்காயத்தின் விளைவாகவே அவருடல் அளவு கடந்து பருத்தது என்பர். மருத்துவக் கல்வியைக் கைவிட்டு 1920 இல் நாடகமேடை ஏறினார். இளம் நாயகனாக நடித்தற்கு இடந்தராத அவ்வுடலே அவருக்கு மூலதனமாயிற்று. 1928 ஓகஸ்ற் 31 ஆம் திகதி பேர்லினில் அரங்கேறிய பிறெக்டின் ‘முப்பென்னி இசை நாடக’த்திலே பொலிஸ் தலைவனாகத் தோன்றியவரும், பின்னர் உலகெங்கும் பரவிய கத்திக்காரன் பாடலை முதன்முதல் மேடையிற் பாடியவரும் அவரே.

பேசும்படம் வந்தபோது அவர் புகழ் மேலும் உயர்ந்தது. 1930 ஏப்பிரில் 1 ஆம் திகதி வெளியான ‘நீலத் தேவதை’ என்ற படத்தைப் பார்ப்போர் மார்லீன் டீற்றிச்சையே நினைவிற் கொள்வர். ஆனாற் படத்தின் கொடூரம் முழுவதையும் தாங்குபவர், கூத்துக் குழுவின் தலைவனும் மாயவித்தைக்காரனுமான கீப்பேர்ட்டாக நடித்த கெரனே. ஒருகாலத்திற் பேராசிரியனாக மதிக்கப்பட்டவனைக் கோமாளியாக்கி, அவன் சொந்த ஊரார் முன்னிலையிலேயே தலையில் முட்டையை உடைத்துச் சேவலைப்போற் கூவுமாறு ஏவுகின்றான் கீப்பேர்ட். அவனிடம் வெறுப்பில்லை, வியாபாரமே உண்டு. கூட்டம் காத்திருக்கின்றது, காட்சி நடந்தேயாக வேண்டும் என்பதே அவன் எண்ணம். இவ்வளவு இயல்பான கொடுமையை நடித்துக்காட்டல் எளிதன்று.

கெரன் பின்னர் ஊபா நிறுவனத்திலே நெறியாளராகவும் விளங்கினார். 1933 இல் ஹிற்லர் ஆட்சிக்கு வந்ததும் அந்நிறுவனம் யூதரை விலக்கத் தீர்மானித்தது. கெரன் படப்பிடிப்புத் தளத்திலிருந்து வெளியேற்றப்பட்டார். பேராசிரியனாக நடித்த எமில் ஜன்னிங்ஸோ 1936 இல் அரச நடிகர் என்னும் பட்டம் பெற்றார்.

பாரிஸ் வழியாக ஒல்லாந்து சேர்ந்த கெரன், அங்கும் சில படங்களை நெறிப்படுத்தினார். 1940 இல் ஜேர்மானியர் ஒல்லாந்தைக் கைப்பற்றினர். அதே ஆண்டில் வெளியான ‘நித்திய யூதன்’ என்ற நாஸிப் பிரசாரப் படத்திலே அவருடைய பழைய காட்சிகள் வெட்டி ஒட்டப்பட்டன. நடிகன் ஏற்ற வேடத்தை அவனது இனத்தின் இயல்பெனக் காட்டிய மோசடி அது. யூதர் மட்டுமே நடிக்கவும் பார்க்கவும் அனுமதிக்கப்பட்ட ஆம்ஸ்ரடாம் அரங்கொன்றில் அவர் சிலகாலம் மேடையேறினார். 1942 இல் அவ்வரங்கே யூதரை நாடுகடத்துமுன் அடைத்துவைக்கும் இடமாக மாற்றப்பட்டது.

1943 இல் வெஸ்ரர்போர்க் முகாமுக்கும், 1944 பெப்ரவரியிற் செக் நாட்டிலுள்ள தெரேசியன்ஸ்ராட்டுக்கும் கெரன் அனுப்பப்பட்டார். அங்கு ‘சுழல் இராட்டினம்’ என்னும் பெயரிற் பாடலும் நகைச்சுவையும் கலந்த நிகழ்ச்சியை அமைத்தார். 1944 யூன் 23 ஆம் திகதி செஞ்சிலுவைப் பிரதிநிதிகள் வந்தபோது, முகாம் வெள்ளையடிக்கப்பட்டு நகரம்போலத் தோன்றியது. அந்தப் பொய்யைப் படச்சுருளிலும் பதிக்க விரும்பிய எஸ். எஸ். அதிகாரிகள் கெரனை அழைத்தனர். ஓகஸ்ற், செப்ரெம்பர் மாதங்களிற் படப்பிடிப்பு நிகழ்ந்தது. உதைபந்தாட்டம், சிறுவர் இசைநாடகம், நூலகம், ஆற்றில் நீராடல் யாவும் படமாயின.

இப்படம் ‘தலைவர் யூதருக்கு ஒரு நகரை வழங்குகிறார்’ என்ற பெயராற் பரவலாக அறியப்படுகின்றது; அது கைதிகளின் கசப்பான கேலியேயன்றி உண்மைத் தலைப்பன்று. கெரன் முழுமனத்துடன் எதிரிக்கு ஊழியஞ் செய்தார் என்று கூறுவோர் உளர். மறுக்கப்பட்ட தொழில் மீண்டும் கைக்கு வந்தபோது அவருள்ளம் சற்றே மகிழ்ந்திருக்கவுங் கூடும். அதனை மறைப்பது வரலாற்றுக்கு அழகன்று. ஆயினும் மறுத்தற்கு உரிமையற்ற ஒருவனை ஒத்துழைத்தான் என்று குற்றஞ்சாட்டுதல் சொல்லின் பொருளையே திரிப்பதாகும். ‘நீலத் தேவதை’யின் மேடையில் ஏவியவர் அவர், இங்கு கூவுமாறு ஏவப்பட்டவரும் அவரே.

படத்தைத் தொகுக்கும் உரிமை அவருக்கு அளிக்கப்படவில்லை. செப்ரெம்பர் 28 முதல் ஒருமாத காலத்துள் 18,000 இற்கு மேற்பட்டோர் ஒஷ்விற்ஸ் கொலைமுகாமுக்கு அனுப்பப்பட்டனர். கமெராவின் முன் ஆடியோரும் பாடியோரும் பலர் அவர்களுள் அடங்குவர். ஒக்ரோபர் 28 ஆம் திகதி புறப்பட்ட இறுதிப் புகைவண்டியிலே கெரனும் அவர் மனைவியும் ஏற்றப்பட்டனர். ஒஷ்விற்ஸை அடைந்ததும் கொல்லப்பட்டனர். இன்று அப்படத்தில் எஞ்சியிருப்பவை சுமார் இருபது நிமிடத் துண்டுகளே. அதன் தொகுப்பு வேலை 1945 மார்ச்சு மாதத்தில் நிறைவேறியது. நெறியாளர் மாண்டு அப்போது ஐந்து மாதங்கள் ஆகியிருந்தன.