வான்ஸ் சிற்றாலயத்தின் வெண்சுவர்கள்

கட்டடத்தை ஒருவர் எழுப்பிச் செல்ல, உள்ளலங்காரத்தை வேறொருவர் பின்னர் வந்து செய்வதே பெரும்பாலும் நாம் காணும் வழக்கம். ஆலயங்களும் இதற்கு விலக்கல்ல. தென் பிரான்சின் வான்ஸ் நகரில் 1951 சூன் 25 ஆம் நாள் அர்ச்சிக்கப்பட்ட செபமாலை அன்னை சிற்றாலயமோ வேறு வழியில் உருவானது.

நோயுற்றிருந்த ஓவியர் ஆன்ரி மத்தீசை 1942 இல் கவனித்துக்கொண்ட இளம்பெண் ஒருவர், பின்னாளில் சாமிநாதர் சபையில் சேர்ந்து அருட்சகோதரி ழாக்-மரி ஆனார். வான்சில் தம் சகோதரிகளுக்கு ஒரு சிற்றாலயம் வேண்டுமென்ற அவரது விருப்பமே தொடக்கம். மத்தீஸ் கோவிலுக்கு ஒழுங்காகச் செல்பவர் அல்லர். எனினும் எழுபத்தெட்டு வயதில் இப்பணியை ஏற்றார். கட்டட அமைப்பில் அதே சபையைச் சேர்ந்த சகோதரர் ரேசிகியே அவருக்குத் துணைநின்றார். புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் ஒகுஸ்த் பெரேயும் ஆலோசனை கூறினார். சுவர் எழுமுன்னரே சாளரமும் ஓவியமும் திட்டத்தில் இடம் பெற்றுவிட்டன என்பதே இங்கு நாம் கருத வேண்டியது.

சாளரங்களில் மஞ்சள், பச்சை, நீலம் என்னும் மூன்று நிறங்களே உண்டு. பச்சையும் நீலமும் தெளிந்த கண்ணாடி. அவற்றினூடே வெளியே உள்ள மரங்கள் தெரியும். மஞ்சளோ ஒளியை மட்டும் விட்டு, பார்வையைத் தடுத்து உள்ளேயே நிறுத்தும். எதிர்ச்சுவர் முழுவதும் வெண்ணிற ஓடுகள். அவற்றின்மேல் கரிய கோடுகளால் மட்டுமே புனித சாமிநாதரும், அன்னையும் குழந்தையும் தீட்டப்பட்டுள்ளனர். முகங்களுக்குக் கண்ணில்லை, மூக்கில்லை. பலருக்கு இது முதலில் உறுத்தலாம். ஆனால் அச்சுவரை வண்ணம் தீட்டி நிரப்பியிருந்தால், வெயில் ஏறியிறங்கும்போது சாளரத்தின் நிறங்கள் வந்து படிய இடமிருந்திராது. சிலுவைப் பாதையின் 14 நிலைகளும் தனித்தனிப் படங்களாக அன்றி, பின்சுவரில் ஒரே ஓவியமாக மேல்நோக்கி ஏறுகின்றன.

மெழுகுதிரித் தண்டுகள், பாடுபட்ட சுரூபம், குருவின் திருவுடைகள் ஆகியவற்றையும் மத்தீசே வடிவமைத்தார். பீடத்திற்கு அப்பத்தின் நிறமொத்த கல்லைத் தேர்ந்தார். இக்கட்டடத்தில் சகோதரிகளுக்கு ஒரு பகுதி, பொதுமக்களுக்கு மற்றொரு பகுதி. இரண்டும் ஒன்றுக்கொன்று கோணத்தில் அமைந்தவை. பீடத்தை நேராக வைத்தால் ஒரு சாரார் குருவின் பக்கவாட்டையே காண்பர். எனவே அது மூலைவாட்டில் வைக்கப்பட்டது. குருவானவர் இரு சாராரையும் நோக்கித் திருப்பலி நிறைவேற்றலாயினார். இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1962 இல் கூடியபோது, அப்பீடம் மக்களை நோக்கி நின்று பதினோர் ஆண்டுகள் ஆகியிருந்தன.